விரல் போனால் என்ன கணக்கு?

பிரஸ் மெஷினில் விரலை இழந்தவரிடம் பட்டறையில் முதலில் வரும் பேச்சு, "கவனமா செஞ்சிருக்கக் கூடாதா?" என்பதுதான். அதையே திரும்பத் திரும்பக் கேட்டு, தப்பு தன்னுடையது, இனி எதையும் கேட்க வாயில்லை என்று தொழிலாளியே நம்பிவிடுகிறார். சட்டம் அப்படிச் சொல்லவில்லை.

1924 ஜூலை 1-ல் நடைமுறைக்கு வந்த தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம் முதலாளியின் தவறை நிரூபிக்கச் சொல்வதில்லை. வேலையின்போது, வேலை காரணமாகக் காயம் பட்டதா என்று மட்டுமே பார்க்கிறது. கவனக்குறைவு இழப்பீட்டைப் பறிக்காது. குடித்திருந்தார், பாதுகாப்பு உத்தரவை வேண்டுமென்றே மீறினார், தடுப்பைத் தெரிந்தே கழற்றினார் என்று முதலாளி வாதிடலாம். மரணமோ முழு நிரந்தர ஊனமோ நேர்ந்திருந்தால் அந்த வாதமும் செல்லாது. 2025 நவம்பர் 21 முதல் இந்தச் சட்டம் சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்துக்குள் வந்துவிட்டது. அடிப்படை மாறவில்லை.

தொகையை யாரும் மனம்போனபடி முடிவு செய்வதில்லை. மரணமென்றால் மாதச் சம்பளத்தில் 50 சதவீதம், முழு நிரந்தர ஊனமென்றால் 60 சதவீதம். அதை வயதுக்கு உரிய காரணியால் பெருக்க வேண்டும். 30 வயதுக்குக் காரணி 207.98. சம்பளம் 15,000 ரூபாய் என்றால், இறந்தவரின் குடும்பத்துக்கு 15,59,850 ரூபாய். முழு ஊனத்துக்கு 18,71,820 ரூபாய். பகுதி ஊனத்துக்கு, முழு ஊனத் தொகையில் எத்தனை சதவீதம் என்பதைச் சட்டத்தின் அட்டவணையே சொல்கிறது: கட்டைவிரல் போனால் 30 சதவீதம், ஒரு கையின் நான்கு விரல்களும் போனால் 50 சதவீதம். அதே 30 வயதுக்காரர் நான்கு விரல்களை இழந்தால் 9,35,910 ரூபாய் வர வேண்டும். ஐம்பதாயிரத்தைக் கையில் திணித்து ஊருக்கு அனுப்பப்படுகிறவர் எதை இழக்கிறார் என்று பாருங்கள். மருத்துவச் செலவு இதில் சேராது. அதை முதலாளி தனியாகத் தர வேண்டும்.

இந்தக் கணக்கில் ஓர் அநியாயமும் உண்டு. 2020 ஜனவரி அறிவிப்பின்படி, சம்பளம் எவ்வளவு இருந்தாலும் 15,000 ரூபாய்தான் கணக்கில் வரும். மாதம் 25,000 சம்பாதிக்கும் கொத்தனாரின் உழைப்பில் பத்தாயிரத்தைச் சட்டமே கழித்துவிடுகிறது. இந்த வரம்பை உடனே உயர்த்த வேண்டும்.

அட்டவணையோடு எல்லாம் முடிந்துவிடுவதுமில்லை. ஒரு திரையரங்கில் அலங்கார மரவேலை செய்தபோது விழுந்து இடக்கையை இழந்த தச்சர் ஒருவரின் வழக்கில், 1975-ல் உச்ச நீதிமன்றம் அதை முழு ஊனமாகவே ஏற்றது. ஒற்றைக் கையால் தச்சு வேலை செய்ய முடியாது என்பதே காரணம். அந்த வேலையை இனி செய்ய முடியுமா என்ற கேள்வியைத் தொழிலாளி துணிந்து எழுப்ப வேண்டும்.

பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் பெரும்பாலான இடங்களில், 21,000 ரூபாய் வரை சம்பளம் வாங்குவோருக்கு இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) உண்டு. அவர்கள் இந்த இழப்பீட்டைத் தனியாகக் கேட்க முடியாது, இ.எஸ்.ஐ.யிலேயே பெற வேண்டும். தற்காலிக ஊனத்துக்கு அங்கே சம்பளத்தில் 90 சதவீதம் கிடைக்கும். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே அடிபட்டாலும் உரிமை உண்டு.

வழக்கு பெரும்பாலும் ஆஸ்பத்திரி வாசலிலேயே பலவீனமாகிவிடுகிறது. "வீட்டுல வழுக்கி விழுந்தேன்னு சொல்லு, செலவை நாங்க பாத்துக்கிறோம்" என்று மேஸ்திரியோ சூப்பர்வைசரோ சொல்லிக் கொடுப்பார். அந்த வாக்கியம் விபத்துப் பதிவேட்டில் ஏறிவிட்டால் பிறகு அழிக்க முடியாது. எந்த இடத்தில், எந்த மெஷினில் அடிபட்டது என்பதை டாக்டரிடம் அப்படியே சொல்லி, அந்தப் பதிவேட்டின் (ஏ.ஆர்.) காப்பியை வாங்கி வைக்க வேண்டும். கூட வேலை செய்தவர்களின் பெயர், சம்பளம் வந்த வங்கிக் கணக்கு விவரம், வருகைப் பதிவின் படம் எல்லாம் உதவும். காண்ட்ராக்டர் கைவிரித்தாலும், தன் தொழிலுக்கான வேலையை அவரிடம் ஒப்படைத்த முதன்மை நிறுவனத்திடம் கேட்கலாம்.

"இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று எழுதி வாங்கும் பத்திரம் சட்டப்படியான இழப்பீட்டைப் பறித்துவிடாது. இறப்பு வழக்கில் குடும்பத்திடம் நேரடியாகக் கொடுத்த பணம் இழப்பீடாகவே கருதப்படாது; முதலாளி அதை இழப்பீட்டு ஆணையரிடம் கட்ட வேண்டும். தமிழ்நாட்டில் தொழிலாளர் துறையின் அதிகாரிகள் இந்தப் பொறுப்பில் இருக்கிறார்கள். மனுவுக்கு இரண்டு ஆண்டு அவகாசம். பீகாரிலிருந்தோ ஒடிசாவிலிருந்தோ வந்து இங்கே இறந்தவரின் மனைவி தன் சொந்த மாவட்டத்திலேயே மனுப் போடலாம். காரணமில்லாமல் இழுத்தடிக்கும் முதலாளிக்கு வட்டியோடு, தொகையில் பாதி வரை அபராதமும் விதிக்கலாம். ஆணையரின் உத்தரவை எதிர்த்து முதலாளி உயர் நீதிமன்றம் போக விரும்பினால், முழுத் தொகையையும் முதலில் கட்டிவிட்டு அந்தச் சான்றோடுதான் போக முடியும்.