காற்றுக்கு எதிர்முகமாய்ச் சென்றவர்கள்

மனித குலம் ஆப்பிரிக்காவிலிருந்து புறப்பட்டு உலகெங்கும் பரவிய வரலாற்றைச் சொல்ல வருகிறவர்கள் பெரும்பாலும் அதை ஒரு கால்நடைப் பிரயாணத்தின் கதையாகவே சொல்லி முடித்துவிடுகிறார்கள். அதில் பெரிய தவறும் இல்லை. ஏறத்தாழ 60,000 ஆண்டுகளுக்கு முன்பு அக்கண்டத்தை விட்டு வெளிவந்த கூட்டத்தாரின் சந்ததிகள், வேட்டையையும் நீர்நிலைகளையும் தொடர்ந்து தலைமுறை தலைமுறையாக நடந்தே ஆசியா முழுவதும் நிறைந்தார்கள். இடையிட்ட ஜலசந்திகளை ஏதோ ஒரு மிதவையின் துணையால் கடந்து நியூகினியையும் ஆஸ்திரேலியாவையும் அடைந்தார்கள். கடல் மட்டம் தாழ்ந்து சைபீரியாவும் அலாஸ்காவும் ஒரே நிலமாக ஒட்டிக்கிடந்த பனியுகத்தில் அமெரிக்காவுக்குள் புகுந்து, 14,000 ஆண்டுகளுக்கு முன்பே தெற்கே சிலி தேசம் வரையில் போய்விட்டார்கள். ஆனால் இத்தனையும் நடந்து முடிந்த பின்பும், பூமியின் மேற்பரப்பில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கை அடைத்துக்கொண்டிருக்கும் பசிபிக் மகாசமுத்திரத்தில், ஸாலமன் தீவுகளுக்குக் கிழக்கே சிதறிக் கிடந்த நூற்றுக்கணக்கான தீவுகளில் ஒரு மனிதக் குரலும் கேட்டதில்லை; அவை யாவும் பறவைகளின் ராஜ்யமாகவே இருந்தன.

இதற்குக் காரணம் அக்கடலின் அமைப்பிலேயே இருக்கிறது. ஸாலமன் தீவுக்கூட்டத்தைச் சேர்ந்த பூகா என்னும் தீவின் குகை ஒன்றில் சுமார் 28,000 ஆண்டுகளுக்கு முன்பே மனிதர் வாழ்ந்த அடையாளங்கள் அகப்பட்டிருக்கின்றன. ஆயினும் அந்தக் கூட்டத்தின் கிழக்கு ஓரம் வரையில் வந்தவர்கள் அங்கேயே நின்றுவிட்டார்கள். அதுவரையில் ஒரு தீவின் கரை முதுகுக்குப் பின்னே மறைவதற்கு முன்பாகவே அடுத்த தீவின் மலை முகத்துக்கு எதிரே எழுந்துவிடும். அதற்கப்பாலோ 300 கிலோமீட்டருக்கு மேல் வெறும் நீர். அந்த விளிம்பில் மனிதன் 20,000 ஆண்டுகளுக்கும் அதிகமாகத் தயங்கி நின்றான். ஏறத்தாழ 3,000 ஆண்டுகளுக்கு முன்பு கடைசியில் அதைத் தாண்டியவர்கள் வேறொரு கூட்டத்தார், வேறொரு வித்தையை உடையவர்கள்.

அவர்களுடைய சாதனையின் அளவை ஐரோப்பியர் உணர்ந்தது 18-ஆம் நூற்றாண்டில்தான். 1769-இல் தஹீதித் தீவுக்கு வந்த காப்டன் குக், அங்கே துப்பாயா என்பவரைத் தம் கப்பலில் ஏற்றிக்கொண்டார். ரையாட்டியா என்ற அண்டைத் தீவில் பிறந்து, புரோகிதத்திலும் கடலோடும் கலையிலும் தேர்ந்திருந்த துப்பாயா, திசைகாட்டியையோ வரைபடத்தையோ ஒருபோதும் கையாளாதவர்; எனினும் எத்தனையோ தீவுகளின் பெயர்களை வரிசையாகச் சொல்லி அவற்றின் இருப்பிடத்தைக் குறிக்கும் படம் ஒன்று உருவாவதற்குக் காரணமாக இருந்தார். கப்பல் வளைந்து வளைந்து எத்தனை தூரம் போயிருந்தாலும், தஹீதி எந்தப் பக்கம் என்று கேட்டால் தயங்காமல் கைநீட்டிக் காட்டுவார் என்று உடன் சென்றவர்கள் வியந்திருக்கிறார்கள். 4,000 கிலோமீட்டருக்கு அப்பாலுள்ள நியூஸிலாந்தில் இறங்கிய போது, அங்கிருந்த மவோரிகள் அவருடைய பேச்சைப் புரிந்துகொண்டு பதில் சொன்னார்கள். அவர் 1770-இல் படேவியா நகரில் நோயுற்று இறந்தார். நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, குக் சமுத்திரத்தின் மறுகோடியிலுள்ள ஈஸ்டர் தீவை அடைந்து அங்கும் அதே பாஷையின் சாயலைக் கேட்டபோது, ஒரே ஜனசமூகம் இவ்வளவு விஸ்தாரமான கடலில் எவ்வாறு பரவியது என்று திகைத்துப் போனார்.

அக்கேள்விக்குப் பின்வந்தவர்கள் சொன்ன விடைகளைப் பார்த்தால், இந்த ஜனங்களுடைய சாமர்த்தியத்தை மட்டும் ஒப்புக்கொள்ளக் கூடாது என்று சிலர் சங்கற்பம் செய்துகொண்டிருந்தார்களோ என்று எனக்குத் தோன்றுவதுண்டு. 1947-இல் நார்வே நாட்டவரான தோர் ஹேயர்டால் ஐந்து தோழர்களுடன் கோன்-டிக்கி என்ற பால்ஸா மரத் தெப்பத்தில் பெரு தேசத்திலிருந்து புறப்பட்டு, 101 நாட்கள் மிதந்து, துவாமோட்டுத் தீவுக்கூட்டத்தில் ஒரு பவளப்பாறையில் வந்து மோதினார்; பாலினீஷியா எனப்படும் இத்தீவுகளின் ஆதிக்குடிகள் தென் அமெரிக்காவிலிருந்து காற்றும் நீரோட்டமும் கொண்டுவந்து சேர்த்தவர்களே என்பது அவர் வாதம். தீரம் மிக்க யாத்திரைதான், சந்தேகமில்லை. ஆனால் துறைமுகத்திலிருந்து சுமார் 80 கிலோமீட்டர் தூரம் கடற்படையின் இழுவைக் கப்பல் அத்தெப்பத்தை இழுத்துச்சென்று விட்டது என்பதை அவருடைய அபிமானிகள் அதிகமாகப் பேசுவதில்லை. 1956-இல் ஆண்ட்ரூ ஷார்ப் என்பவர் வேறொரு கட்சியைக் கிளப்பினார்: பாலினீஷியர் மேற்கிலிருந்து வந்தவர்களாகவே இருக்கட்டும், ஆனால் தூரத்துத் தீவுகளுக்கு அவர்கள் வேண்டுமென்று போகவில்லை, புயலில் திசைதப்பி ஒதுங்கினார்கள் என்றார். இதைச் சோதிக்க, காற்றின் போக்கையும் நீரோட்டத்தையும் ஒரு கம்ப்யூட்டரில் ஏற்றி, ஒரு லட்சத்துக்கும் அதிகமான கற்பனைப் படகுகளைப் போனபோக்கில் மிதக்கவிட்டுப் பார்த்த ஆராய்ச்சி 1973-இல் வெளிவந்தது. ஹவாய்க்கோ நியூஸிலாந்துக்கோ ஈஸ்டர் தீவுக்கோ அவ்வாறு தற்செயலாகப் போய்ச் சேர்வது அநேகமாக நடவாத காரியம் என்று அது காட்டியது. கம்ப்யூட்டர் இல்லாமலேயே இதை யோசித்திருக்கலாம்: தூண்டில் போடப் போகிறவன் தன் படகில் மனைவியையும் பன்றிக்குட்டியையும் ஈரப்பலாக் கன்றையும் ஏற்றிக்கொண்டு போவதில்லை.

அவர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்பதை உடைந்த பானைகளே சொல்லிவிட்டன. 1952-இல் நியூகலிடோனியாவில் லாபிட்டா என்ற கடற்கரையைத் தோண்டியவர்களுக்கு, பல்வரிசை போன்ற அச்சினால் ஈரமண்ணில் நுணுக்கமாகக் குத்தி அலங்கரித்த மட்பாண்டச் சில்லுகள் கிடைத்தன. அதே வேலைப்பாடு மேற்கே பிஸ்மார்க் தீவுகளிலிருந்து கிழக்கே டோங்கா, ஸமோவா வரையில் அகப்பட்டது. பிஸ்மார்க்கில் அதன் காலம் சுமார் 3,300 ஆண்டுகளுக்கு முன்பு. டோங்காவிலோ சுமார் 2,800 ஆண்டுகளுக்கு முன்பு. இவ்வளவு தூரத்தைச் சுமார் 500 ஆண்டுகளில் கடந்திருக்கிறார்கள். நியூபிரிட்டன் தீவில் தலஸேயா என்னுமிடத்தில் கிடைக்கும் எரிமலைக் கண்ணாடிக் கல்லின் துண்டுகள் ஒரு பக்கம் போர்னியோவிலும் மறுபக்கம் ஃபிஜியிலும் கிடைப்பதால், போன வழி அடைபட்டுவிடாமல் நெடுங்காலம் போக்குவரவு நடந்தது என்றும் அறிகிறோம். வனுவாட்டுவில் தேயோமா என்ற பழைய மயானத்தில் புதையுண்டிருந்த 3,000 ஆண்டு எலும்புகளின் மரபணுவை 2016-இல் பரிசோதித்தபோது, அவற்றுக்குரிய அந்தப் பானைக்காரர்கள் தைவானின் ஆதிவாசிகளுக்கும் பிலிப்பைன்ஸ் மக்களுக்கும் நெருங்கிய உறவினர் என்று ஏற்பட்டது. பாஷை ஆராய்ச்சியாளர்கள் வெகுநாளாகச் சொல்லிவந்ததும் அதுதான். அதே பாஷைக் குடும்பத்தைச் சேர்ந்த வேறொரு கிளையினர் மேற்கே இந்து மகாசமுத்திரத்தைக் கடந்து மடகாஸ்கரில் குடியேறியது தனிக்கதை.

இனிக் காற்றின் விஷயத்துக்கு வருவோம். அப்பிரதேசத்தில் ஆண்டின் பெரும்பகுதியும் காற்று கிழக்கிலிருந்து மேற்கு நோக்கியே வீசுகிறது. ஆகவே பாய்மரக்காரன் ஒருவன் மேற்கிலிருந்து கிழக்கே போவது எப்படி என்பதுதான் ஹேயர்டால் முதலியோரின் பலமான ஆட்சேபம். நியூஸிலாந்தைச் சேர்ந்த ஜெஃப்ரி இர்வின், தாமே படகோட்டும் அநுபவம் உள்ளவர். அந்த ஆட்சேபத்தையே அவர் விடையாக மாற்றிவிட்டார். இருக்கிறதா இல்லையா என்று தெரியாத தீவைத் தேடிப் புறப்படுகிறவனுக்கு முதற்கவலை போய்ச் சேருவது அல்ல, உயிரோடு திரும்பி வருவது. காற்றோடு போனவன் திரும்பும்போது எதிர்க்காற்றில் தவித்துப் பட்டினியால் மடிவான். காற்றுக்கு எதிர்முகமாகப் போனவனோ, குடிநீர் பாதி தீர்ந்ததும் படகைத் திருப்பினால் போதும், காற்றே அவனை வீட்டில் கொண்டுவந்து விட்டுவிடும். கோடையில் சில நாட்கள் மேல்காற்று வீசும். அதற்காகக் காத்திருந்து கிழக்கே போவது, வழக்கமான கீழ்காற்று மீண்டதும் திரும்பிவிடுவது: இதுவே அவர்கள் முறையாக இருந்திருக்க வேண்டும். குடியேற்றத்தின் வரிசையும் இதற்கு இசைந்தே இருக்கிறது. எதிர்க்காற்றுத் திசையிலுள்ள தீவுகள் முதலில் குடியேற்றம் பெற்றன. காற்றுக்குக் குறுக்கே வடக்கில் உள்ள ஹவாய் அதற்குப் பிறகு. போவது எளிதாய்த் திரும்புவது கடினமான நியூஸிலாந்து எல்லாவற்றுக்கும் கடைசியில்.

நடுவே ஸமோவாவுக்கும் டோங்காவுக்கும் வந்து சேர்ந்த பிறகு 1,500 ஆண்டுகளுக்கும் மேலாக ஒரு நீண்ட ஓய்வு. அதன் காரணத்தைப் பற்றிப் பண்டிதர்கள் பருவநிலை என்றும் படகின் குறைபாடு என்றும் பலவாறாக வாதிக்கிறார்கள். அடுத்த தீவுக்கூட்டம் ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும்போது இரட்டை ஓடம் பூரண உருவம் பெறும் வரையில் காத்திருந்தார்கள் என்பதே எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. கி.பி. 1000-ஐ ஒட்டி மறுபடியும் புறப்பட்டவர்கள், அடுத்த மூன்று நூற்றாண்டுகளுக்குள் மீதியை முடித்துவிட்டார்கள். அவர்களோடு சேம்பும் வாழையும் தென்னையும் மரவுரி எடுக்கும் செடியும் கோழியும் நாயும் கூடப் போயின. அமெரிக்கக் கண்டத்துக்கே உரிய சர்க்கரைவள்ளிக்கிழங்கு, ஐரோப்பியர் வருவதற்கு முன்பே இத்தீவுகளில் பயிராகி வந்தது. 2020-இல் வெளியான மரபணு ஆராய்ச்சி, கி.பி. 1200-ஐ ஒட்டி பாலினீஷியரும் தென் அமெரிக்க ஜனங்களும் கலந்ததற்கான சுவட்டையும் கண்டது. ஹேயர்டால் ஊகித்த உறவு இருந்தது உண்மையே. ஆனால் போய்த் திரும்பிவரத் தக்க ஓடம் இருந்தது பாலினீஷியரிடத்தில்.

நியூஸிலாந்தில் மனிதன் கால்வைத்த காலத்தைக் காட்டிக்கொடுத்தது, அழையாமல் படகில் ஏறிவந்த எலி. வௌவால் தவிர வேறு நிலவாழ் பாலூட்டி இல்லாத அந்நாட்டில், எலி கொறித்த பல்தடம் பதிந்த விதைகளைச் சேற்றிலிருந்து பொறுக்கிக் காலம் கணித்தார்கள். அவற்றில் ஒன்றும் 1280-க்கு வெகுவாக முற்பட்டதாக இல்லை. பாரிஸிலும் பொலோனாவிலும் சர்வகலாசாலைகள் நடந்துகொண்டிருந்த காலம் அது. மனிதனைக் கண்டறியாத மோவா என்னும் பறக்காத பெரும்பறவைகள், அவற்றில் சில 200 கிலோவுக்கும் மேல் எடையுள்ளவை, ஒன்றரை நூற்றாண்டு அளவில் வேட்டையாடப்பட்டு அழிந்தன.

இந்த யாத்திரைகளை அந்தப் பழைய முறையிலேயே செய்து காட்டினாலன்றிச் சந்தேகம் தீராது என்று ஹவாயில் சிலர் 1975-இல் ஒரு படகு கட்டினார்கள். இரண்டு ஓடங்களைப் பக்கத்தில் பக்கமாக வைத்துக் குறுக்குக் கட்டைகளால் இணைக்கும் அப்பழைய வகையில், ஆணி கிடையாது. எல்லாம் கயிற்றுக் கட்டுத்தான். ஆணியடித்த படகை அலை முறித்துவிடும், கட்டிய படகோ அலையோடு சற்றே அசைந்துகொடுக்கும். நம் கட்டுமரக்காரர்களும் அறிந்த இரகசியம். பழைய நாளில் அதற்குத் தேங்காய் நார்க்கயிறும் தாழையோலைப் பாயும் இருந்தன. ஹவாயின் உச்சியைக் கடந்து செல்லும் நக்ஷத்திரமாகிய ஹோக்குலேஆவின் பெயரை, அதாவது நாம் சுவாதி என்று அழைப்பதன் பெயரை, அதற்கு இட்டார்கள். ஆனால் அதை வழிநடத்தத் தெரிந்தவர் ஹவாய் முழுவதிலும் ஒருவர் இல்லை. கடைசியில் மைக்ரோனீஷியாவின் ஸத்தவால் என்ற சின்னஞ்சிறு தீவிலிருந்து மௌ பியைலுக் என்பவரை வரவழைத்தார்கள்.

குழந்தையாக இருந்தபோதே பாட்டனார் அவரைக் கரையோரக் குட்டைகளில் இறக்கி, கடல் இழுக்கும் இழுப்பை உடம்பால் உணரச் செய்தாராம். பிறகு தரையில் பவளக் கற்களை வட்டமாக வைத்து, எந்த நக்ஷத்திரம் எந்தக் கல்லில் உதித்து எந்தக் கல்லில் அஸ்தமிக்கும் என்று, 32 முனைகளும் மனத்தில் பதியும்வரை பாடம். இரவில் ஒரு நக்ஷத்திரம் மேலெழுந்துவிட்டால் அதே முனையில் உதிக்கும் அடுத்ததைப் பிடித்துக்கொள்வார். மேகம் மூடினால் படகினுள் படுத்து, வெவ்வேறு திக்கிலிருந்து வரும் பேரலைகள் அதை அசைக்கும் விதத்திலிருந்து திசையறிவார். மாலையில் கரை திரும்பும் ஆலாப் பறவைகளின் போக்கு, கண்ணுக்குத் தெரியாத தீவை 30, 40 கிலோமீட்டர் தூரத்திலேயே காட்டிக்கொடுக்கும். 1976 மே மாதம் மாவித் தீவிலிருந்து புறப்பட்டு, திசைகாட்டியும் வரைபடமும் இன்றி, ஒரு மாதத்துக்குச் சற்று மேல் கடலில் கழித்து, ஏறத்தாழ 4,000 கிலோமீட்டரைக் கடந்து அவர் படகைத் தஹீதியில் சேர்த்தபோது, பப்பேட்டே துறைமுகத்தில் சுமார் 17,000 ஜனங்கள் கூடியிருந்தார்கள்.

அவ்வித்தை உறவினருக்கு மட்டுமே சொல்லித்தரப்படுவது வழக்கம். ஸத்தவாலில் இளைஞர்கள் மோட்டார்ப் படகுக்கு மாறிவருவதைக் கண்ட மௌ, அந்த வழக்கத்தை மீறி ஹவாய்க்காரர்களுக்குக் கற்பித்தார். 1980-இல் அவருடைய மாணவர் நைனோவா தாம்ஸன் அதே தூரத்தைத் தாமே வழிகண்டு போய்த் திரும்பினார். 2007-இல் ஸத்தவாலில், மாலுமிகளுக்குப் பட்டமளிக்கும் பழைய சடங்கை மௌ நடத்திவைத்தபோது, பட்டம் பெற்ற 16 பேரில் ஐந்து பேர் ஹவாய்க்காரர்.