வலை காத்த ஷெல்லிங்

ஐஸ் ஹாக்கியில் பந்து கிடையாது. கெட்டியான ரப்பர் வட்டுதான். சீறி வரும் அந்த வட்டைத் தடுக்க, சுவிட்சர்லாந்தின் ஃப்ளோரன்ஸ் ஷெல்லிங் 2006 டுரின் ஒலிம்பிக்கிற்குப் போனபோது வயது 16. பிறகு அமெரிக்காவின் பாஸ்டனில் படித்தபடியே நார்த்ஈஸ்டர்ன் பல்கலைக்கழக அணிக்குக் கோல்கீப்பர். ஊர் திரும்பி ஆண்கள் அணியிலும் ஆடினார்!

2014 சோச்சி ஒலிம்பிக்கில் சுவீடனை 4-3 என வீழ்த்தி வெண்கலம். சுவிஸ் பெண்கள் ஹாக்கிக்கு முதல் ஒலிம்பிக் பதக்கம். தொடரின் மிகச்சிறந்த வீராங்கனையும் ஷெல்லிங்தான். வேடிக்கை பாருங்கள், பின்னர் அவர் ஆடப்போனது அதே சுவீடனின் லின்ஷோப்பிங் அணிக்கு!

ஓய்வுக்குப் பின், 2020-இல் எஸ்.சி. பெர்ன் என்ற முன்னணி ஆண்கள் அணியின் விளையாட்டு இயக்குநரானார். அந்தப் பதவியில் ஓராண்டுதான் நீடித்தார்.