பாலைக்கு அடியில் ஒரு வாய்க்கால்

ஈரானின் வறண்ட சமவெளியை விமானத்திலிருந்து பார்த்தால், மலையடிவாரம் தொடங்கி ஊர்வரை மண்வளையங்கள் வரிசையாகத் தெரியும். ஒவ்வொன்றின் நடுவிலும் ஒரு குழி. குழிகளையெல்லாம் அடியில் இணைக்கிறது ஒரு சுரங்கம், அதற்குள் தண்ணீர். இதுதான் கனாத். ஏற்றமும் மோட்டாரும் இல்லாமல், வெயில் குடித்துவிடாமல், நிலத்தடி நீரை வயலுக்குக் கொண்டுவரும் ஏற்பாடு. கிறிஸ்துவுக்கு முன்பே பாரசீகத்தில் இது இருந்தது.

முதலில் மலையடிவாரத்தில் தாய்க்கிணறு தோண்டி ஊற்று பார்ப்பார்கள். ஆனால் சுரங்கத்தை ஊர்ப்பக்கம் இருந்துதான் வெட்டிக்கொண்டு போவார்கள். மேலிருந்து வெட்டினால் வெட்டுபவரையே தண்ணீர் மூழ்கடித்துவிடும். வழிநெடுகத் தோண்டும் குழிகள் மண்ணை மேலே இழுக்கவும் காற்று வரவும் உதவும். இழுத்த மண்ணைக் குழியைச் சுற்றியே கொட்டுவதால், திடீர் மழைவெள்ளம் உள்ளே பாயாது.

சாமர்த்தியமெல்லாம் வாட்டத்தில் இருக்கிறது. நீண்ட கனாத்தில் ஆயிரம் மீட்டருக்கு ஒரு மீட்டர் இறக்கம் இருந்தாலே போதும். கூடினால் ஓட்டம் தரையை அரித்துச் சுரங்கத்தைச் சரித்துவிடும். குறைந்தால் வண்டல் படியும். இருட்டுக்குள் கோடு பிசகாமலிருக்க, முகன்னி எனப்படும் தொழிலாளி தனக்குப் பின்னால் இரண்டு எண்ணெய் விளக்குகளை வைத்துக்கொள்வார். திரும்பிப் பார்க்கும்போது ஒன்று மற்றதை மறைத்தால் வழி நேர். சுடர் மங்கினால் காற்று கெட்டுவிட்டது, உடனே மேலேற வேண்டும். மண் இளகலான இடத்தில், நம் உறைகிணறு போலச் சுட்ட களிமண் வளையங்களைப் பொருத்துவார்கள்.

உயிரைப் பணயம் வைக்கும் இந்த வேலைக்கு அரசு கொடுத்த விலையும் பெரிது. வறண்ட நிலத்துக்குத் தண்ணீர் கொண்டுவந்தவருக்கு ஐந்து தலைமுறைக்கு அந்த நிலத்தின் அனுபோகத்தைப் பாரசீகர்கள் வழங்கினார்கள் என்று கி.மு. 2ஆம் நூற்றாண்டின் கிரேக்க வரலாற்றாசிரியர் பொலிபியஸ் எழுதியிருக்கிறார். அந்த உழைப்பு எவ்வளவு என்பதற்கு ஓர் உதாரணம்: ஈரானின் கொனாபாத் நகரின் கனாத் சுமார் 33 கிலோமீட்டர் நீளம். அதன் தாய்க்கிணறு 300 மீட்டர் ஆழத்துக்குக் குறையாது.

வந்த நீரைப் பங்கிட, அடியில் சிறு துளையிட்ட செம்புக் கிண்ணத்தை ஒரு பாத்திரத்து நீரில் மிதக்கவிடுவார்கள். கிண்ணம் நிரம்பி மூழ்கும் நேரம் ஒரு கணக்கு. இத்தனை கிண்ணம் இன்னாருக்கு என்று முறை.

ஊறுவதற்கு மேல் ஒரு சொட்டுகூடக் கனாத் தராது. 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆழ்துளைக் கிணறுகள் பெருகி நீர்மட்டத்தைக் கீழே இறக்கின. எட்டாத உயரத்தில் நின்றுபோன கனாத்கள் ஏராளமாக வற்றின. 2016இல் யுனெஸ்கோ 11 கனாத்களை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. நல்ல காரியம்தான். ஆனால் சுற்றிலும் போர்வெல் ஓடிக்கொண்டிருந்தால் அந்த அறிவிப்பால் கனாத்தில் தண்ணீர் வராது.

இந்தியாவிலும் இது உண்டு. பஹ்மனி சுல்தான்கள் காலத்தில் கர்நாடகத்தின் பீதரில் வெட்டிய சுரங்க வாய்க்கால் இன்றும் இருக்கிறது. அந்தப் பக்கம் போகிறவர்கள் கோட்டையோடு திரும்பிவிடாமல் இதையும் அவசியம் பார்த்துவிட்டு வாருங்கள்.