பரணில் உறங்கும் அரபுத் தமிழ்

பழைய இல்லங்களின் பரணிலும் மரப்பெட்டியிலும் துணியில் பொதிந்த ஏடுகள் சில இருப்பதுண்டு. பிரித்துப் பார்ப்போர் அரபு எழுத்துக்களைக் காண்பர். கண்ணில் ஒற்றிக்கொண்டு மீண்டும் மூடிவைப்பர். அவ்வெழுத்துக்களைக் கூட்டி ஓதினாலோ, செவியில் விழுவது தமிழ்! அதுவே அரபுத் தமிழ். 'அர்வி' என்பதும் அதன் பெயரே.

திருக்குர்ஆன் ஓதுவதற்கென அரபு எழுத்துக்களை இளமையிலேயே பயின்ற நம் முன்னோர், அவற்றாலேயே தாய்மொழியையும் எழுதினர். ப, ட, ள, ழ முதலிய ஒலிகள் அரபியில் இல்லை. ஆதலின், இருந்த எழுத்துக்களில் புள்ளியும் குறியும் கூட்டிப் புதிய எழுத்துக்களை வகுத்துக்கொண்டனர். மார்க்கச் சொற்களைத் தமிழ் எழுத்தில் எழுதும்போது நேரும் ஒலிப்பிழை இதில் நேரவில்லை.

பள்ளிக்கூடம் செல்லாத பெண்மணிகளும் இதன் துணையால் மார்க்கச் சட்டங்களை அறிந்தனர்; கடல் கடந்து வணிகம் செய்த கணவன்மாருக்குக் கடிதம் வரைந்தனர். கீழக்கரையில் வாழ்ந்த மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816-1898) அவர்கள், 'மகானி' என்னும் மார்க்கச் சட்ட நூலை இம்முறையிலேயே இயற்றினார்கள். தமிழகத்திலும் இலங்கையிலும் வளர்ந்த இவ்விலக்கியச் செல்வத்தைப் பற்றித் தைக்கா ஷுஐபு ஆலிம் அவர்களின் விரிவான ஆய்வு நூல் 1993இல் வெளிவந்தது.

பின்னர்த் தமிழ் எழுத்தில் அச்சான மார்க்க நூல்கள் பெருகின. நம் பெண்மக்கள் பள்ளிக்கூடம் சென்றனர். இவை நன்மையே. ஆயினும், பாட்டி நாள்தோறும் படித்த ஏடு பேத்திக்கு அந்நியமாயிற்று.

இதனினும் வருந்தத்தக்கது ஒன்றுண்டு. அரபு எழுத்துள்ள தாள் காலில் படலாகாது எனக் கிழிந்த ஏடுகளைக் கிணற்றிலும் கடலிலும் இடுவது நம் வழக்கம். எழுத்தைக் கண்டனரேயன்றி, அது சொல்வதைப் படித்தாரில்லை. மூதாட்டியின் கடிதமும், வைத்தியக் குறிப்பும், குடும்பச் செய்தியும் அவ்வாறே நீரில் கரைந்தன. மரியாதையே அவற்றுக்குப் பகையாயிற்று!

முதல் வஹீயே ஓதுமாறு ஏவியதன்றோ? எழுதுகோலின் சிறப்பை உணர்த்தியதன்றோ? அவ்வழி வந்த நாம், ஓதாமலே பொதிந்து வைப்பது முறையாகுமா?

வழி இன்னும் அடைபடவில்லை. குர்ஆன் ஓதத் தெரிந்த சிறுவர், கூடுதலான சில எழுத்துக்களைக் கற்றாலே போதும். அரபுத் தமிழைப் படித்துவிடலாம். இன்று ஜும்ஆ தொழுது திரும்பியதும் அப்பெட்டியைத் திறந்து பாருங்கள். படிக்கத் தெரிந்த முதியோர் வீட்டில் இருப்பின், பிள்ளைகளை அருகில் அமர்த்திப் படித்துக் காட்டச் செய்யுங்கள். கேட்டதைத் தமிழ் எழுத்தில் எழுதி, ஏட்டுடன் சேர்த்து வையுங்கள். அம்முதியோர் நம்மிடையே இருக்கும்போதே இதனைச் செய்துவிட வேண்டும்.