முந்திரித் தோப்பின் முசுறு

புதுக்கோட்டையிலிருந்து தஞ்சாவூர் போகும் சாலையில் ஆதனக்கோட்டை முந்திரிப் பருப்பைத் தெரியாதவர்கள் குறைவு. அந்தப் பருப்பு விளையும் செம்மண் தோப்புகளுக்குள் நுழைந்தவர்களுக்கு முசுறு எறும்பையும் தெரிந்திருக்கும். கிளையில் கை வைத்த மாத்திரத்தில் முழங்கை வரை ஏறி, தோலைக் கவ்விப் பிடித்துக்கொண்டு விடாது. முந்திரி மட்டுமல்ல, மா, பலா என்று இலை அடர்ந்த மரம் எதுவானாலும் அதற்குச் சம்மதம்தான்.

1775இல் ஃபாப்ரீசியஸ் என்ற டேனிஷ் பூச்சியியலர் இதை அறிவியல் ஏட்டில் பதிந்தார். இன்றைய அறிவியல் பெயர் ஈக்கோஃபில்லா ஸ்மரக்டினா. செம்பழுப்பு நிறம், பெரிய வேலைக்காரி எறும்பு ஒரு சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவாக இருக்கும். தரையில் புற்று வைக்காது. உயிருள்ள பச்சை இலைகளைச் சேர்த்துத் தைத்துக் கூடு கட்டும்.

அந்தத் தையலைக் கிட்டத்தில் நின்று பார்க்க வேண்டும். முதலில் சில எறும்புகள் ஓர் இலையின் விளிம்பைக் கவ்விக்கொண்டு அடுத்த இலையை எட்டப் பார்க்கும். எட்டாவிட்டால் ஒன்றின் இடுப்பை இன்னொன்று கவ்வும், அதன் இடுப்பை மற்றொன்று. இப்படி நீளும் சங்கிலிகள் பல ஒரே நேரத்தில் இழுக்க, விறைப்பான முந்திரி இலையும் வளைந்து வந்துவிடும். விளிம்புகள் நெருங்கியதும் கூட்டுக்குள்ளிருந்து வேறு எறும்புகள் வெளிவரும். ஒவ்வொன்றின் வாயிலும் ஒரு வெள்ளைப் புழு, அவற்றின் சொந்தக் குஞ்சு. உணர்கொம்பால் புழுவின் தலையை மெல்லத் தட்டினால் அது பட்டு நூலை விடும். எறும்பு அந்தப் புழுவைத் தறியின் நாடா போல இந்த விளிம்புக்கும் அந்த விளிம்புக்கும் மாற்றி மாற்றி ஓட்டும். கொஞ்ச நேரத்தில் வெள்ளைப் பட்டுத் திரை இரண்டு இலைகளையும் ஒட்டிவிடும். தனக்குக் கூடு பின்னிக்கொள்ள வேண்டிய பட்டையெல்லாம் வீட்டுக்குக் கொடுத்துவிட்ட அந்தப் புழு, கூடில்லாமலே கூட்டுப்புழுவாகிறது. எறும்பு உலகத்தில் இதைவிட வியப்பான காட்சியை நான் அறியேன்.

ஒரு குடும்பத்துக்கு ஒரு கூடு என்று நினைக்கக் கூடாது. ஒரே ராணியின் மக்கள் பல மரங்களில், நூறு கூடுகளுக்கு மேல்கூடப் பரவியிருப்பார்கள். எண்ணிக்கை ஐந்து லட்சத்தைத் தொடும். எல்லையோரக் கூடுகளில் காவலுக்கு இருப்பவை வயதான வேலைக்காரிகள். இளையவை நடுவில் ராணியையும் குஞ்சுகளையும் பார்த்துக்கொள்ளும். ஆபத்தான வேலை கிழவிகளுக்கு.

இனி மருத்துவத்துக்கு வருவோம். மூலிகை, தாது, சீவம் என்று மருந்துப் பொருள்களைப் பிரிக்கும் சித்த மருத்துவத்தில் உயிரினங்களுக்குத் தனி இடமுண்டு. முசுறு பெரும்பாலும் வீட்டுக் கைவைத்தியத்தைச் சேர்ந்தது. சளி பிடித்து மூக்கடைத்தால் முசுறுகளைத் துணியில் முடிந்து கசக்கி, அந்த நெடியை உறிஞ்சுவது தென்னிந்தியாவிலும் நடு இந்தியாவின் பழங்குடிகளிடமும் இருந்துவரும் வழக்கம்.

அந்த நெடிக்குக் காரணம் ஃபார்மிக் அமிலம். முசுறுக்குக் கொடுக்கு கிடையாது. தாடையால் கடித்துவிட்டு, வயிற்றை வளைத்துக் கடிவாயில் அமிலத்தைப் பீய்ச்சும், எரிச்சல் அதனால்தான். எறும்புகளைக் காய்ச்சி வடித்தால் இந்த அமிலம் கிடைப்பதை 1671இல் ஜான் ரே என்ற ஆங்கிலேயர் எழுதிவைத்தார். இன்று ஆலைகளில் தயாராகும் அதே அமிலத்தைக் கொண்டுதான் கன்னியாகுமரி ரப்பர் தோட்டங்களில் பாலை உறைய வைக்கிறார்கள். காரமான நெடி மூக்கின் நரம்புகளைச் சுண்டுவதால் அடைப்பு விலகியது போல இருக்கும். சளிக்குக் காரணமான வைரஸ் அதனால் சாகாது. ஆஸ்துமா உள்ளவர்களும் குழந்தைகளும் இதன் பக்கமே போகக் கூடாது. கண்ணில் பட்டால் உடனே நல்ல தண்ணீரால் நன்றாகக் கழுவ வேண்டும்.

ஒடிசாவின் மயூர்பஞ்ச் மக்கள் இதே முசுறை உப்பு, இஞ்சி, பூண்டு, மிளகாயோடு அரைத்துச் சட்னியாக உண்கிறார்கள். 2024 ஜனவரியில் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. அந்தச் சட்னியைக் கொரோனாவுக்கு மருந்தாக அறிவிக்கக் கோரிய வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 2021இல் தள்ளுபடியானது. அது சரியான முடிவு. புரதம் நிறைந்த நல்ல உணவு என்பது வேறு, தொற்றுநோய்க்கு மருந்து என்பது வேறு.

என்னைக் கேட்டால், முசுறு மனிதனுக்குச் செய்யும் வைத்தியத்தைவிட மரத்துக்குச் செய்யும் வைத்தியம் பெரிது. கி.பி. 304ஆம் ஆண்டைச் சேர்ந்ததாகச் சொல்லப்படும் சீன நூல் ஒன்று, ஆரஞ்சு வகை மரங்களைப் பூச்சியிடமிருந்து காக்க எறும்புக் கூடுகளைச் சந்தையில் விற்றதைச் சொல்கிறது. உயிரைக் கொண்டு பூச்சியை அடக்கிய மிகப் பழைய சான்று அதுதான். முந்திரியின் பெரிய எதிரி தேயிலைக் கொசு. பெயர்தான் கொசு, உண்மையில் சாறுறிஞ்சும் நாவாய்ப்பூச்சி. அது குத்திய தளிரும் பூங்கொத்தும் கருகிப்போகும். முசுறு நிறைந்த முந்திரி மரங்களில் இந்தச் சேதம் வெகுவாகக் குறைவதை ஆஸ்திரேலியாவில் நடந்த ஆய்வுகள் காட்டின. குறையும் உண்டு: இனிப்புக் கழிவுக்காக மாவுப்பூச்சிகளையும் செதில்பூச்சிகளையும் முசுறு பேணி வளர்க்கும். பறிப்பவர்களுக்குக் கடியும் தப்பாது.

2018 நவம்பர் 16 அன்று வீசிய கஜா புயல் ஆலங்குடி, கீரமங்கலம் பக்கம் தோப்புகளைச் சாய்த்துப்போட்டது. அதன்பின் நட்ட கன்றுகளுக்கிடையே கிளைகள் தொட்டுக்கொள்ளாத இடத்தில், மரத்துக்கு மரம் ஒரு கயிறு கட்டிவிட்டால் முசுறு அதன் மேல் நடந்துபோய்க் குடியேறும். சீனத்து விவசாயிகள் இதற்கு மூங்கிலைப் பயன்படுத்தினார்கள். தோப்பு வைத்திருப்பவர்களிடம் என் வேண்டுகோள் ஒன்றுதான்: தை, மாசியில் மருந்தடிக்கும் முன் மரத்தை அண்ணாந்து பாருங்கள். தைத்த இலைக் கூடுகள் தெரிந்தால், அந்த மரத்தில் மட்டுமாவது மருந்தடிக்காமல் விடுங்கள்.