ஊரிகத்தின் நினைவும் விவரணப்படமும்

பங்காருப்பேட்டையிலிருந்து மாரிக்குப்பம் செல்லும் கிளை ரயில் பாதையில் ஊரிகம் ஒரு சிறு நிலையம். சுரங்கம் நின்றுபோன பின், கோலார் தங்கவயல் மக்களில் பலர் இந்தப் பாதை வழியாகவே நாள்தோறும் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று மீள்கின்றனர். தங்கம் தேடி ஊர்விட்டு வந்தவர்களின் பேரன்மார் இன்று கூலி தேடி வேறோர் ஊருக்குச் செல்கின்றனர்.

1880-இல் ஜான் டெய்லர் கம்பெனியார் இங்கே பணி தொடங்கினர். 1876-78 பஞ்சத்தின் வடு ஆறாத காலம் அது. வட ஆர்க்காடு முதலிய ஜில்லாக்களிலிருந்து தமிழர் திரளாக வந்தனர். அவர்களுட் பெரும்பாலோர் நிலமும் சமூக மதிப்பும் மறுக்கப்பட்ட ஒடுக்கப்பட்ட மக்கள். 1902-இல் சிவசமுத்திரத்திலிருந்து மின்சாரம் வந்தது. சுரங்கமோ பூமிக்குள் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே சென்றது. 2001 பிப்ரவரி 28-ஆம் நாள் அனைத்தும் மூடப்பட்டன.

வெட்டியெடுத்த பொன்னின் எடையைக் கணக்கேடுகள் கூறும். பாறை வெடிப்பின் ஓசை கேட்டு லைன் வீட்டு வாசலில் நின்ற மனைவியின் மனநிலையை அவை கூறா. அதனைக் கூறவல்லது அவள் குரலும் முகமுமே. டாக்குமெண்டரி எனப்படும் விவரணப்படத்தின் பயன் இங்கேதான் தொடங்குகிறது. கன்னடமும் தெலுங்கும் கலந்து ஒலிக்கும் தங்கவயல் தமிழை ஏட்டில் எழுதினால் பொருள் நிற்கும், ஓசை போய்விடும்.

இவ்வூர் துயரம் மட்டும் கண்ட ஊரன்று. அயோத்திதாச பண்டிதர் 1907-இல் தொடங்கிய 'தமிழன்' பத்திரிகை, அவர் மறைவுக்குப் பின் நின்றுபோய், 1926-இல் ஜி. அப்பாதுரையாரால் தங்கவயலிலிருந்து மீண்டும் வெளிவந்தது. பூமிக்கடியில் உழைத்தோர் நடுவே பௌத்தமும் பகுத்தறிவும் பேசப்பட்டன. படம் எடுப்போர் இதனை விட்டுவிட்டால், அம்மக்களைப் பரிதாபத்துக்குரியோராக மட்டுமே காட்டிய குற்றம் நேரும். 2024-இல் வெளிவந்த 'தங்கலான்' திரைப்படம் இவ்வரலாற்றைக் கற்பனையோடு நினைவூட்டியது. எனினும் கற்பனை, சாட்சியத்தின் இடத்தை நிரப்பாது.

இத்துறையில் நமக்கு முன்னோடி ஏ. கே. செட்டியார். 1940-இல் வெளியான காந்தியடிகள் பற்றிய படத்துக்காக, பல நாடுகளுக்கும் சென்று, பலர் பலவிடங்களில் எடுத்து வைத்திருந்த படச்சுருள்களைத் தேடிச் சேர்த்தார். புதிதாக எடுப்பது பாதி வேலை. சிதறிக் கிடப்பதைத் திரட்டுவது மறுபாதி. தங்கவயலுக்கும் அம்முறையே ஏற்றது. திருமணப் புகைப்படம், தொழிற்சங்கச் சீட்டு, ஊரிலிருந்து வந்த கடிதம் ஆகிய யாவும் வீடுகளில் சிதறிக் கிடக்கின்றன.

சுரங்கம் மூடியபோது நாற்பது வயதிலிருந்தவர் இன்று முதியவர். அவர் மறைந்தால் ஒரு சாட்சியம் மறையும். பிற மாநிலங்களில் வாழும் நமக்கும் இது பொருந்தும். நம் இல்லத்துப் பெரியவர் எந்த ஊரிலிருந்து, எதற்காகப் புறப்பட்டார் என்று இன்றே கேட்டு, அவர் குரலிலேயே பதிவு செய்து வைப்போமாக. கைப்பேசியே அதற்குப் போதும்.