எல்லை கடந்த மணமும் எல்லை கடவா மனமும்

போடிமெட்டைத் தாண்டி மேற்கே சென்றால் உடும்பஞ்சோலையின் ஏலத் தோட்டங்கள் விரிகின்றன. போடி, கம்பம் வட்டாரத்துத் தமிழர் பல தலைமுறைகளாக அங்கே உழைத்து வருகின்றனர். தமிழும் மலையாளமும் ஒரே கடைத்தெருவில் கலந்து ஒலிக்கும் அம்மலையில் இரு மொழி இளைஞர் ஒருவரையொருவர் விரும்புதல் இயல்பே. அவ்விருப்பம் மணமாகக் கனியும்போதுதான் சோதனை எழுகிறது. ஒரு வீட்டில் 'பாண்டி' என்னும் ஏளனச் சொல். மற்றொரு வீட்டில் சாதிக் கணக்கு.

இச்சோதனை உயிரையும் குடிக்கும் என்பதற்கு, இதே எல்லையின் வடபாலுள்ள பாலக்காடு மாவட்டம் சான்று. அங்கே தேங்குறிச்சியில், மணமாகி மூன்று திங்கள் நிறையுமுன், 2020 டிசம்பர் 25 அன்று ஓர் இளைஞர் வெட்டிக் கொல்லப்பட்டார். மணமகள் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். சாதியிலும் செல்வத்திலும் மருமகன் தாழ்ந்தவர் என்று கருதிய பெண்ணின் தந்தைக்கும் தாய்மாமனுக்கும் 2024 அக்டோபரில் பாலக்காடு நீதிமன்றம் ஆயுள் தண்டனை விதித்தது.

இந்நோய் நமக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில், வெள்ளையரான ரிச்சர்ட் லவிங்கும் கறுப்பினத்தவரான மில்ட்ரெடும் 1958இல் மணந்த குற்றத்திற்காகப் பிறந்த மண்ணை விட்டே விலக்கப்பட்டனர். 1967இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அச்சட்டத்தைச் செல்லாததாக்கிற்று.

நம் நாட்டில் சட்டம் காதலர் பக்கமே நிற்கிறது. 1954ஆம் ஆண்டின் தனித் திருமணச் சட்டப்படி, 21 வயது நிறைந்த ஆணும் 18 வயது நிறைந்த பெண்ணும் சாதி, மத வேறுபாடின்றி மணக்கலாம். இருவருள் ஒருவர் அம்மாவட்டத்தில் 30 நாள் வசித்திருத்தல் வேண்டும். அறிவிப்புக் கொடுத்து 30 நாள் கழிதல் வேண்டும். சாட்சிகள் மூவர் வேண்டும். மணமக்களின் படத்தையும் முகவரியையும் பரப்பிச் சிலர் அச்சுறுத்தியமையால், இவ்வறிவிப்புகளை இணையத்தில் வெளியிடுவதைக் கேரள அரசு 2020இல் நிறுத்தியது. வயது வந்த இருவர் இசைந்தால் குடும்பத்தாரின் ஒப்புதல் தேவையில்லை என்று 2018 மார்ச் 27 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அச்சுறுத்தப்படும் இணையரைக் காக்க மாவட்டந்தோறும் தனிப்பிரிவு அமைக்கவும் பணித்தது. ஆபத்து நேரின் காவல் கண்காணிப்பாளரை அணுகத் தயங்க வேண்டா.

ஆயினும் நேயர்களே, சட்டம் வாயில் வரையில்தான் துணைவரும். உள்ளே அழைக்க வேண்டியவர் நாமே. பிற மாநிலத்தில் வாழும் நம்மை மொழியைச் சுட்டி எவரேனும் இகழ்ந்தால் நம் நெஞ்சு எரிகிறது. அந்நெஞ்சே, நம் வாயிற்படியில் வந்து நிற்கும் மருமகனின் சாதியை வினவுதல் முறையாகுமா?